மேட்ச் ஆகல சார்

"மேட்ச் ஆகல சார்." இவ்ளோதான் சொன்னேன். ரெண்டு செகண்ட் கூட ஆகியிருக்காது. ரெண்டு வருஷம் ஓடிடுச்சு, இன்னும் அதைத் தாண்டி வர முடியல. எழுதிப் பாத்தா கொஞ்சம் இறங்குமான்னு எழுதுறேன்.

மேட்ச் ஆச்சு. அதான் விஷயமே. போன்ல பேசும்போது அந்த ப்ளேட்டைத் தான் பாத்துட்டு இருந்தேன். பொண்டாட்டிக்கு வைத்தியம் தேடி வந்த ஒருத்தர் கொண்டுவந்து குடுத்த கிளெப்சியெல்லாங்கிற பாக்டீரியா ப்ளேட் முழுக்க பாலாடை மாதிரி படிஞ்சிருக்கு, எங்க நாலாம் நம்பர் ஃபேஜ், அதாவது பாக்டீரியாவைக் கொல்ற வைரஸ், ஒரு சொட்டு வெச்ச இடம் மட்டும் கண்ணாடி மாதிரி தெளிஞ்சு கிடக்கு, சுத்தி மெல்லிசா ஒரு வளையம். கிளெப்சியெல்லா மேல கொழகொழன்னு ஒரு உறை இருக்கும்ல, அதை ஃபேஜோட என்சைம் கரைக்கிறப்ப வர்ற வளையம் அது. இந்த வேலைல இருக்கிறவங்களுக்குத் தெரியும், அதைப் பாத்தா அன்னிக்கு சாப்பாடே வேண்டாம். அதைக் கையில வெச்சுக்கிட்டு தான் மேட்ச் ஆகலன்னு சொன்னேன்.

அவர் என்னைத் தேடி வந்ததுக்குக் காரணமும் நான் தான். யார் கூப்பிட்டாலும் போய் ஃபேஜ் பத்திப் பேசுவேன், காலேஜ், லைப்ரரி, அபார்ட்மென்ட் அசோசியேஷன்னு பாக்க மாட்டேன். அன்னிக்கு மயிலாப்பூர்ல ஒரு சின்ன ஹால். வழக்கமா சொல்றதைத் தான் சொன்னேன். 1896-லயே ஹாங்கின்னு ஒருத்தர் கங்கை, யமுனை தண்ணில காலரா கிருமி செத்துப் போகுதுன்னு எழுதினார், அது ஏன்னு அப்ப யாருக்கும் புரியல. 1917-ல பாரிஸ்ல டெரெல்னு ஒருத்தர் அந்த மாதிரி பாக்டீரியாவைக் கொல்றது ஒரு வைரஸ்னு சொல்லி பாக்டீரியோஃபேஜ்னு பேர் வெச்சார், 1919-ல வயித்துக்கடுப்புல கிடந்த ஒரு பையனுக்குக் குடுக்கிறதுக்கு முன்னாடி தானே அதைக் குடிச்சுப் பாத்தார், 1927-ல நம்ம நாட்டுக்கே வந்து பஞ்சாப்ல காலராவுக்குக் குடுத்துப் பாத்தார். அப்புறம் பென்சிலின் வந்துச்சு, ஊரு உலகமே அந்தப் பக்கம் போயிடுச்சு, ஜார்ஜியா நாட்டுல டிபிலிசில 1923-ல ஆரம்பிச்ச இன்ஸ்டிடியூட் மாதிரி சில இடத்துல மட்டும் விடாம இதைப் பண்ணிட்டே இருந்தாங்க.

இதுவரைக்கும் எல்லாம் சரி. அதுக்கப்புறம் வர்ற ரெண்டு ஸ்லைடு தான் ஜனங்களை உலுக்கும். ஒண்ணு 2016 சான் டியாகோ, டாம் பேட்டர்சன், எகிப்துக்கு டூர் போன இடத்துல எந்த மருந்துக்கும் அடங்காத அசினடோபாக்டர் கிருமி புடிச்சு கோமா வரைக்கும் போனவர், ஃபேஜ் ஏத்தினதும் கண்ணு முழிச்சார். இன்னொண்ணு மேயோ கிளினிக்ல ஒரு 62 வயசுக்காரர். முட்டில செயற்கை மூட்டு, அதுல கிளெப்சியெல்லா, காலை எடுத்துடலாம்கிற நிலைமை. ஃபேஜ் 40 டோஸ் ஏத்தினாங்க, கால் தப்பிச்சுது.

அந்த முட்டிக்காரர் மினோசைக்ளின்ங்கிற ஆன்டிபயாடிக் மாத்திரையையும் விடாம சாப்பிட்டுட்டு தான் இருந்தார். அது பேப்பர்லயே இருக்கு, எனக்குத் தெரியும். என் ஸ்லைடுல அது இல்ல. வேணும்னு மறைச்சேன்னு சொல்ல மாட்டேன், ஒரு ஸ்லைடுல எவ்வளவு தான் எழுதறதுன்னு தோணும், ஆனா எதை விடணும்னு வர்றப்ப எப்பவும் அதைத் தான் விட்டுருக்கேன்.

பேசி முடிச்சு லேப்டாப்பை மூடிட்டு இருக்கேன், ஒரு பெரியவர் துணிக்கடை பிளாஸ்டிக் கவர்ல ஒரு கத்தை பேப்பரோட வந்து நின்னார். ரயில்வேல ரிட்டயர் ஆனவர், வீடு பெரம்பூர்.

"மேடம், அந்த முட்டிக்காரர் கேஸ் தான் எங்க வீட்டுலயும். அவருக்கு முட்டி, இவளுக்கு இடுப்பு."

பாத்ரூம்ல வழுக்கி விழுந்து, இடுப்பு மூட்டு மாத்தி, தையல் ஆறாம சீழ் வந்து, எட்டு மாசமா ஆஸ்பத்திரிக்கும் வீட்டுக்கும் அலைச்சல். கல்ச்சர் ரிப்போர்ட்டைக் காட்டினார். மேல இருந்து கீழ வரைக்கும் ஆர், ஆர், ஆர், அந்த மருந்து கேக்காதுன்னு அர்த்தம். மெரோபெனம் ஆர், அமிகாசின் ஆர். கடைசில கொலிஸ்டின் மட்டும் தான் மிச்சம், அதை ஏத்தினா கிட்னி தாங்கலன்னு நடுவுல நிறுத்திட்டாங்களாம். இந்த மாதிரி ரிப்போர்ட் எனக்குப் புதுசு இல்ல. ஆன்டிபயாடிக்கையே உடைச்சுப் போடுற என்டிஎம் என்சைம் இருக்கிற கிருமி எவ்வளவு பரவியிருக்குன்னு 2010-ல லான்செட் இன்ஃபெக்ஷியஸ் டிசீசஸ் பத்திரிகைல வந்த பேப்பர்ல முதல் பேர் மெட்ராஸ் யூனிவர்சிட்டி ஆராய்ச்சியாளரோடது, 2012-ல ஆன்டிபயாடிக்கைக் கட்டுப்படுத்தணும்னு நாட்டுக்கே திட்டம் போட்டுக் குடுத்ததுக்குப் பேரே சென்னை பிரகடனம். ஒரே வருஷத்துல, 2019-ல, மருந்துக்கு அடங்காத பாக்டீரியாவால உலகத்துல 12.7 லட்சம் பேர் செத்தாங்கன்னு மேடைல சொல்றது நான் தான். ஆனா அந்த நம்பர்ல ஒருத்தரா ஆகிடக் கூடாதுன்னு ஓடிட்டு இருக்கிற குடும்பம் கவரோட கிட்ட வந்து நிக்கிறப்ப என்ன பேசறதுன்னு எனக்கு யாரும் சொல்லித் தரல.

"பாக்கலாம் சார்"னு சொன்னேன்.

பாக்கலாம்னா நம்ம ஊர்ல முடியாதுன்னும் அர்த்தம், செஞ்சுடலாம்னும் அர்த்தம். கேக்குறவங்க அவங்களுக்கு வேணுங்கிறதை எடுத்துப்பாங்க. நான் முடியாதுங்கிற அர்த்தத்துல தான் சொன்னேன்னு ரொம்ப நாள் நம்பிட்டு இருந்தேன். அப்படின்னா போன் நம்பர் ஏன் குடுத்தேன்?

வியாழக்கிழமை லேப் வாசல்ல நிக்கிறார். டெஸ்ட் எடுத்த லேப்ல கெஞ்சிக் கூத்தாடி கிருமியை ஒரு ஸ்லாண்ட்ல, அதாவது கிருமி வளர்க்கிற டியூப்ல வாங்கி, தெர்மகோல் டப்பால ஐஸ் போட்டு, 29சி பஸ்ல மடியில வெச்சுட்டு வந்திருக்கார். அப்படிக் கொண்டு வரவே கூடாது. எத்திக்ஸ் கமிட்டி அனுமதி இல்லாம நான் அதை வாங்கியிருக்கவும் கூடாது. வாங்கினேன். பேட்டர்சன் பொண்டாட்டி எபிடெமியாலஜி ப்ரொஃபசர், யாருக்கு மெயில் போடணும்னு அவங்களுக்குத் தெரிஞ்சுது, போட்டாங்க, கடற்படை லேப் வரைக்கும் இறங்கி வந்துச்சு. இந்த மனுஷனால முடிஞ்சது 29சி.

எங்ககிட்ட அப்ப கிளெப்சியெல்லாவுக்குன்னு பதினோரு ஃபேஜ் இருந்துச்சு. எல்லாம் இந்த ஊர் சாக்கடைல இருந்து எடுத்தது தான், கொடுங்கையூர், நெசப்பாக்கம், நாலாம் நம்பர் சிந்தாதிரிப்பேட்டை பாலத்துக்குக் கீழ கூவத்துல எடுத்த தண்ணில கிடைச்சது, அதனால லேப்ல அதுக்குப் பேரே சிந்தாதிரி. மத்தவங்க மூக்கைப் பொத்திட்டுப் போற தண்ணிய பாட்டில்ல புடிச்சு, வடிகட்டி, பாக்டீரியாவோட கலந்து ராத்திரி வெச்சா காலைல ஓட்டை ஓட்டையா தெரியும். ஒவ்வொரு ஓட்டையும் ஒரு ஃபேஜ்ல ஆரம்பிச்சது, உள்ள போய் நூத்துக்கணக்கா பெருகி பாக்டீரியாவை வெடிச்சுட்டு வெளிய வந்தது. இந்த வேலை மேல எனக்கு இருக்கிற பிரியம் அந்த ஓட்டைங்களைப் பாத்து வந்தது தான்.

கிளெப்சியெல்லால உறை வகையே 77-க்கு மேல இருக்கு, ஒரு ஃபேஜ் பெரும்பாலும் ஒண்ணு ரெண்டு வகைக்கு மேல தொடாது. அதனால பதினொண்ணும் சும்மா தான் போகும், அவர்கிட்ட மனசாட்சியோட இல்லன்னு சொல்லிடலாம்னு நினைச்சு தான் போட்டேன். சனிக்கிழமை காலைல சிந்தாதிரி மட்டும் தெளிஞ்சு நிக்குது. எங்க ஸ்காலர் பொண்ணு "மேடம்!"னு கத்தினது காரிடார் வரைக்கும் கேட்டுச்சு. ஞாயித்துக்கிழமை டைல்யூஷன் போட்டு எண்ணினோம், சொட்டு கெட்டியா இருந்ததால வந்த ஏமாத்து இல்ல, நிஜமாவே உள்ள பூந்து பெருகுது.

திங்கள் பதினோரு மணிக்கு போன்.

"மேடம், தொந்தரவு பண்றேனா?"

"இல்ல சார், சொல்லுங்க."

"அது... பாத்தீங்களா?"

"பாத்தோம் சார். மேட்ச் ஆகல சார்."

"ஒண்ணு கூடவா?"

"ஒண்ணு கூட இல்ல சார்."

கொஞ்ச நேரம் சத்தமே இல்ல. பின்னாடி குக்கர் விசில் கேட்டுச்சு. அப்புறம், "சரிம்மா. யாரோ எவரோன்னு விடாம இவ்ளோ மெனக்கெட்டீங்களே, நல்லா இருங்க"ன்னு வெச்சுட்டார். அதுவரைக்கும் மேடம். அப்பதான் முதல் தடவை அம்மான்னார்.

முதல் பொய் வாய் தவறி வந்துச்சுன்னு கூட வெச்சுக்கலாம். ஆனா "ஒண்ணு கூடவா"ன்னு அவர் எனக்குத் திரும்ப ஒரு வாய்ப்புக் குடுத்தார். அங்கயாவது "ஒண்ணு பிடிச்சிருக்கு சார், ஆனா"ன்னு ஆரம்பிச்சிருக்கலாம். அந்த "ஆனா"வுக்கு அப்புறம் சொல்ல வேண்டியது எல்லாம் எனக்கு மனப்பாடம். ப்ளேட்ல கொல்றது வேற, உடம்புக்குள்ள இரும்பு மூட்டு மேல ஒட்டிக்கிட்டு படலம் கட்டிருக்கிறதைக் கொல்றது வேற. நாங்க வளக்கிற குழம்புல செத்த பாக்டீரியாவோட எண்டோடாக்சின் கலந்திருக்கும், அதை எடுக்காம ரத்தத்துல ஏத்தினா ஃபேஜ் காப்பாத்துறதுக்குள்ள அந்த விஷமே ஜுரம், பிரஷர்னு ஆளை விழுத்திடும். சான் டியாகோல அதை எடுக்கத் தனியா ஒரு லேப் வேலை செஞ்சுது, அமெரிக்காவோட மருந்துக் கட்டுப்பாட்டு அமைப்பு எஃப்டிஏ அவசர அனுமதி குடுத்துச்சு, பக்கத்துலயே ஐசியூ. எங்ககிட்ட ஒரு சென்ட்ரிஃப்யூஜும், அந்தப் பொண்ணும், நானும். சிந்தாதிரியோட ஜீன் எல்லாத்தையும் படிக்கிற சீக்வென்சிங் ரிசல்ட் கூட அப்ப வரல, பாக்டீரியாவோட டிஎன்ஏக்குள்ள போய் ஒளிஞ்சுக்கிற வகையா, ஏதாவது டாக்சின் ஜீனைச் சுமக்குதான்னு கூடத் தெரியாது. நம்ம ஊர்ல இதுக்கு மருந்துன்னு அனுமதியும் இல்ல. நல்ல வசதியோட பண்ணின டிரையலே சறுக்கியிருக்கு, பிரான்ஸ், பெல்ஜியம்ல தீக்காயத்துக்கு 12 ஃபேஜ் கலந்து பண்ணினது, தயாரிச்சு வெச்சதுல ஃபேஜ் எண்ணிக்கை படுத்து போய், போட வேண்டிய அளவுல ரொம்பக் கொஞ்சம் தான் காயத்துக்குப் போய்ச் சேந்துச்சு.

இதெல்லாம் உண்மை, ஒண்ணு கூட சாக்கு இல்ல. ஆனா இத்தனை உண்மையும் கையில இருக்கிறவ எதுக்குப் பொய் சொன்னேன்?

அந்தப் பொண்ணு பக்கத்துலயே தான் நின்னுட்டு இருந்தா. நான் போனை வெச்சதும், "மேடம், நாலு க்ளியரா தானே வந்துச்சு?"ன்னா.

"வந்துச்சு. அதைச் சொன்னா அவர் என்ன பண்ணுவார், சொல்லு?"

அவ பதில் சொல்லல. நோட்டுல ஏற்கனவே எழுதியிருந்தா: நாலு, தெளிவு, வளையம், தேதி. அதை அடிக்கச் சொல்லல நான், அந்த அளவுக்குப் போகல. ஆனா அன்னிக்கு மதியம் அவ எப்பவும் போல என் ரூமுக்கு சாப்பிட வரல. ஆராய்ச்சில ரிசல்ட்டை மாத்திச் சொல்லக் கூடாதுன்னு அவளுக்கு முதல் நாள் சொல்லிக் குடுத்ததே நான் தான்.

என் சீனியர் சார்கிட்ட ஒரு வாரம் கழிச்சு சொன்னேன். "சரியாத்தான் பண்ணிருக்க. உண்மையைச் சொல்லிருந்தா தினமும் வாசல்ல வந்து நின்னிருப்பார், ஒரு நாள் உன் மனசு இளகி குடுத்துடுவ, ரெண்டு பேரும் ஜெயில்ல இருப்போம்"னார். அன்னிக்கு ராத்திரி நல்லாத் தூங்கினேன். மறுநாள் காலைல அவர் சொன்னதுல ஒண்ணு மட்டும் தைச்சுது, உன் மனசு இளகிடும்னது. ஆமா. மயிலாப்பூர்ல அன்னிக்கே அவர் சொன்னார், "நான் எழுதிக் கையெழுத்து போட்டுத் தரேன்ம்மா, என்ன ஆனாலும் நீங்க பொறுப்பு இல்ல"ன்னு. (இப்பத் தான் ஞாபகம் வருது, அப்பவும் அம்மான்னு தான் சொல்லியிருக்கார். போன்ல சொன்னது முதல் தடவை இல்ல.) சிந்தாதிரி நாலு டிகிரி ஃப்ரிட்ஜ்ல ரெண்டாவது தட்டுல, ஒரு மில்லிக்கு நூறு கோடிக்கு மேல, சும்மா உக்காந்திருக்கு. நான் பயந்தது அவரைப் பாத்து இல்லன்னு நினைக்கிறேன்.

ஆனா இதுவும் என்னை நானே கொஞ்சம் நல்லவளாக் காட்டிக்கிற மாதிரி தான் இருக்கு. குடுத்துடுவேனோன்னு பயந்து பொய் சொன்னேன்னா கேக்க நல்லா இருக்கு. நடுவுல இன்னொரு வழி இருந்துச்சே. எந்த மருந்தும் கேக்காத நோயாளிக்கு, நிபுணர்கள்கிட்ட கேட்டு, நோயாளி சம்மதம் வாங்கி, நிரூபிக்கப்படாத சிகிச்சையை முயற்சி பண்ணலாம்னு, மருத்துவ ஆராய்ச்சிக்கான நெறிமுறையைச் சொல்ற ஹெல்சின்கி பிரகடனம் 37-ம் பத்தியில இருக்கு, என் பேச்சுலயே அதைச் சொல்லுவேன். அந்த அம்மாவோட சர்ஜனுக்கு ஒரு போன் போட்டிருக்கலாம். எங்க கமிட்டிக்கு ஒரு லெட்டர் எழுதியிருக்கலாம். தொண்ணூறு சதவீதம் முடியாதுன்னு தான் வந்திருக்கும், மாசக்கணக்காவும் ஆகியிருக்கும், ஆனா அந்த முடியாது எங்கேயோ ஒரு ஃபைல்ல பதிவாகியிருக்கும். அடுத்து வர்றவங்களுக்கு அது உதவியிருக்கும். ஏன் பண்ணலன்னு கேட்டா என்கிட்ட பதில் இல்ல. அந்த மாசம் ப்ராஜெக்ட் ரிப்போர்ட் குடுக்க வேண்டியிருந்துச்சு. அவ்ளோதான்.

மூணு வாரம் கழிச்சு சீக்வென்சிங் வந்துச்சு. ஒளிஞ்சுக்கிற வகை இல்ல, டாக்சின் ஜீன் எதுவும் இல்ல. சுத்தம். வேற எந்த நாளா இருந்தாலும் ஸ்வீட் வாங்கியிருப்பேன்.

அஞ்சு மாசம் கழிச்சு அவரே கூப்பிட்டார். அந்த நம்பரைப் பாத்ததும் எடுக்கலாமா வேண்டாமான்னு ரிங் நிக்கிற வரைக்கும் பாத்துட்டு, திரும்ப அடிச்சப்ப எடுத்தேன். ஆபரேஷன் ஆயிடுச்சாம். மூட்டையே எடுத்துட்டாங்க, மறுபடி வெக்கல. சீழ் நின்னுடுச்சு, ஜுரம் இல்ல. ஒரு கால் குட்டையாயிடுச்சு, வாக்கர் வெச்சு ஹாலுக்கும் கிச்சனுக்கும் நடக்கிறாங்க. "இப்ப ரசம் அவ கையால தான் மேடம்"னார். எனக்கு அழுகை வந்துடுச்சு, நிஜமாவே சந்தோஷத்துல தான். அப்ப நான் சொன்னது நல்லதுக்குத் தான் ஆச்சு, ஒரு உயிர் பத்திரமா இருக்குன்னு தோணுச்சு.

அதோட வெச்சிருக்கலாம். அவர் பேசிட்டே போனார். "உங்ககிட்ட சொல்லல, மருமகப் பையன் அந்த ஜார்ஜியாவுக்கு மெயில் போட்டு எல்லாம் கேட்டு வெச்சிருந்தான் மேடம். செங்கல்பட்டு பக்கம் ஒரு மனை இருக்கு, அதை வித்துட்டு இவளைக் கூட்டிட்டுப் போயிடலாம்னு தான் இருந்தோம். நீங்க பதினொண்ணு போட்டுப் பாத்தும் ஒண்ணு கூட ஒத்து வரலன்னதும், நம்ம ஊர் சாக்கடைல கிடைக்காதது அங்க எங்க கிடைக்கப் போகுதுன்னு விட்டுட்டோம். டாக்டர் மூட்டை எடுத்துடலாம்னப்ப சரின்னுட்டோம். உங்களால தான் மனசு தெளிஞ்சுது."

மனை தப்பிச்சுது. உயிர் தப்பிச்சுது. மூட்டு போச்சு. அங்க போயிருந்தா என்ன ஆகியிருக்கும்னு யாராலயும் சொல்ல முடியாது, பாதி வழிலயே ஏதாவது ஆகியிருக்கலாம், மனையும் போய் மூட்டும் போயிருக்கலாம். இல்ல, அந்த முட்டிக்காரர் மாதிரி ரெண்டு காலும் சமமா வெச்சு நடந்திருக்கலாம். டாக்டர் சொன்ன வழி நிரூபிச்ச வழி, நான் உண்மையைச் சொல்லியிருந்தாலும் அவங்க அதையே எடுத்திருக்கலாம். ஆனா எடுத்திருக்க வேண்டியது அவங்க. எட்டு மாசம் சீழ் துடைச்சவர் அவர், வலி அந்த அம்மாவுக்கு, மனை அவங்களோடது, நான் ஒரு ப்ளேட்டை மட்டும் பாத்துட்டு மூணுக்கும் சேத்து முடிவு பண்ணிட்டேன். அவரால உண்மையைத் தாங்க முடியாதுன்னு நான் எப்படி நினைச்சேன்? ரிப்போர்ட்ல இருக்கிற ஒவ்வொரு மருந்து பேரும் உச்சரிப்பு தப்பாம சொன்ன மனுஷன் அவர்.

ஃபேஜ் மேல எனக்கு நம்பிக்கை குறையல, அதைச் சொல்லிடறேன். ஆன்டிபயாடிக் மொத்தத்துக்கும் பதிலா இது வந்துடும்னு இப்ப சொல்றதில்ல, கூட நிக்கும்னு சொல்றேன். பெல்ஜியம்ல 2018-லிருந்து டாக்டர் சீட்டு எழுதினா மருந்தகத்துல ஃபேஜைக் கலந்து குடுக்க வழி பண்ணியிருக்காங்க, அந்த மாதிரி ஒரு வழி இங்கயும் வரணும்னு எல்லா மேடைலயும் கேக்குறேன், வர்ற வரைக்கும் கேப்பேன். மினோசைக்ளினை ஸ்லைடுல சேத்துட்டேன். சேத்ததுல இருந்து ஹால்ல அந்த இடத்துல ஒரு சத்தம் வரும்ல, அது குறைஞ்சிருக்கு, பரவால்ல. பேசி முடிச்சதும் யாராவது கவரோட வந்தா இப்ப பாக்கலாம்னு சொல்றதில்ல. முடியாதுன்னு சொல்லி ஏன்னும் சொல்றேன், பத்து நிமிஷம் ஆகும். சில பேர் திட்டிட்டுப் போறாங்க. ஒரு அம்மா, "அப்ப எதுக்குடி மேடை போட்டுப் பேசுற?"ன்னு கேட்டாங்க. அவங்க கேட்டதுல தப்பு இல்ல.

அந்தப் பொண்ணு தீசிஸ் குடுத்துட்டா. சிந்தாதிரி அதுல ஒரு சாப்டர், எந்தெந்த கிருமியைக் கொல்லுதுன்னு ஒரு டேபிள். அந்த டேபிள்ல பெரம்பூர் கிருமி இல்ல, அனுமதி இல்லாத சாம்பிள், சேக்க முடியாது. அவ கேக்கவும் இல்ல.

அவர் போன மாசம் திரும்பக் கூப்பிட்டார், மாவடு போட்டிருக்காங்களாம், ஒரு பாட்டில் எனக்குன்னு எடுத்து வெச்சிருக்காங்களாம். அடுத்து எங்க பேசுறீங்க மேடம், இவளும் உங்க பேச்சைக் கேக்கணும்னு சொல்லிட்டே இருக்கா, வாக்கரோட கூட்டிட்டு வந்துடறேன், முன் வரிசைல ஒரு சேர் மட்டும் சொல்லி வைங்கன்னார். தேதி தெரிஞ்சதும் சொல்றேன் சார்னேன். தேதி தெரியும், வர்ற மாசம் ரெண்டாவது ஞாயிறு, அதே மயிலாப்பூர் ஹால். இன்னும் சொல்லல.